மேற்கு வெயில், மூடிய முற்றம், வராத சிட்டுக்குருவி: வாசகர் கேள்வி–பதில்

இந்த மாதம் வந்த கடிதங்களில் பெரும்பாலானவை கட்டடத்துக்கும் அதைச் சூழ்ந்திருக்கும் வெயில், காற்று, மழை, மரம் ஆகியவற்றுக்கும் உள்ள உறவைப் பற்றியவையாக இருந்தன. ஆகவே கடன், ஒப்பந்தம், அனுமதி பற்றிய கேள்விகளை அடுத்த இதழுக்கு ஒத்திவைத்து, இம்முறை இவற்றுக்கு மட்டும் பதில் எழுதுகிறேன்.

கேள்வி: தாம்பரம் அருகே எங்களுக்கு அரை கிரவுண்டு மனை இருக்கிறது, மேற்குப் பார்த்தது. இயற்கையோடு இணைந்த வீடு வேண்டும் என்று கேட்டதற்கு, முகப்பு முழுவதும் கண்ணாடியும் அதன் ஓரத்தில் சுவரோடு ஒட்டிய செங்குத்துத் தோட்டமும் வைத்துப் பொறியாளர் படம் வரைந்து கொடுத்திருக்கிறார். அப்படியே கட்டலாமா?
தனியார் நிறுவன ஊழியர், தாம்பரம்

பதில்: கண்ணாடி முகப்பு வேண்டாம். செங்குத்துத் தோட்டத்தைப் பற்றி, வீட்டில் குடியேறி ஒரு கோடையைக் கழித்த பிறகு யோசித்துக்கொள்ளலாம். அதற்குத் தினமும் தண்ணீர் ஊற்ற ஓர் ஆள் வேண்டும் என்பதைப் படத்தில் எவரும் வரைவதில்லை.

இயற்கையோடு இணைவது என்றவுடன் செடிகளே நம் நினைவுக்கு வருகின்றன. ஆனால் அரை கிரவுண்டு மனையில் உங்களுக்கு வாய்த்திருக்கும் மிகப் பெரிய இயற்கை சூரியன்தான். அது ஆண்டு முழுவதும் எந்தப் பக்கத்தில், எந்த உயரத்தில் வருகிறது என்பதை வரைபடம் கீறுவதற்கு முன்பே தெரிந்துகொள்ள வேண்டும். சென்னை வட்டாரம் ஏறத்தாழ 13 பாகை வட அட்சத்தில் இருக்கிறது. ஏப்ரல் கடைசி வாரத்திலிருந்து ஆகஸ்ட் மூன்றாம் வாரம் வரை நடுப்பகல் சூரியன் நம் உச்சிக்குச் சற்று வடக்கே நிற்கிறது. அதாவது அக்னி நட்சத்திர நாள்களில் வெயில் படுவது வடக்குச் சுவரில், தெற்குச் சுவரில் அன்று. மார்கழியிலோ சூரியன் நன்றாகத் தெற்கே சாய்ந்து, நடுப்பகலிலும் 56 பாகை உயரத்துக்கு மேல் ஏறுவதில்லை. வடக்குச் சன்னலுக்கும் தெற்குச் சன்னலுக்கும் மேலே 2 அடி நீளமுள்ள சன்ஷேடு இருந்தால், கோடை நடுப்பகலில் சன்னல் முழுவதும் நிழலாகிவிடும். மார்கழியில் தெற்குச் சன்னலின் கீழ்ப்பாதி வழியாக இதமான வெயில் உள்ளே வரும். கொத்தனார்கள் வழக்கமாக வைக்கும் அளவே போதுமானதாக இருப்பது தற்செயல் என்று எனக்குத் தோன்றவில்லை.

இந்தக் கணக்கு கிழக்கிலும் மேற்கிலும் செல்லாது. மே மாதத்தில் மாலை நாலரை மணிக்குச் சூரியன் அடிவானத்திலிருந்து முப்பது பாகைக்கும் கீழே இறங்கியிருக்கும். அந்த வெயிலுக்கு எதிராக 2 அடி சன்ஷேடு சன்னலின் மேல் ஓர் அடியை மட்டுமே மறைக்கும்; எஞ்சிய வெயில் நேராகக் கூடத்துக்குள் விழும். கண்ணாடி ஒளியை உள்ளே விட்டுவிட்டு, உள்ளே சூடான பொருள்கள் திருப்பி வீசும் வெப்பத்தை வெளியே விடாமல் பிடித்துக்கொள்ளும் தன்மையுடையது. உங்கள் பொறியாளர் வரைந்த முகப்பு, மாலை முழுவதும் அடுப்பாக எரிந்து, நீங்கள் வேலையிலிருந்து திரும்பும் நேரத்தில் உச்சச் சூட்டில் இருக்கும்.

எனவே தெருவை ஒட்டிய மேற்குப் பக்கத்தில் படிக்கட்டு, குளியலறை, பொருள் அறை, வண்டி நிறுத்துமிடம் ஆகியவற்றை வையுங்கள். இவை வெயிலைத் தாங்கிக்கொண்டு பின்னால் இருக்கும் அறைகளைக் காக்கும். படுக்கை அறைகள் கிழக்கே போகட்டும். கடற்காற்று கிழக்கிலிருந்தும் தென்கிழக்கிலிருந்தும் பிற்பகலில் வரும். அது நுழைய ஒரு சன்னல் மட்டும் இருந்தால் நுழையாது, எதிர்ப்பக்கத்தில் வெளியேற ஒரு வழியும் வேண்டும். கொண்டல், கோடை, வாடை, தென்றல் என்று நான்கு திசைக் காற்றுக்கும் தனித்தனிப் பெயர் வைத்த மொழியில் பேசிக்கொண்டே, காற்று எங்கிருந்து வருகிறது என்று கேட்காமல் வீடு கட்டுகிறோம். முகப்பில் பசுமை வேண்டும் என்றால், தெருவோரத்தில் ஒரு பூவரசோ புங்கையோ நட்டுவிடுங்கள். அது வளர ஐந்தாறு ஆண்டுகள் ஆகும். அதுவரை சன்னலுக்கு வெளியே மூங்கில் தட்டி தொங்கவிடலாம். தட்டி சன்னலுக்கு வெளியே இருக்க வேண்டும். உள்ளே தொங்கும் திரைச்சீலை, வெப்பம் அறைக்குள் வந்துவிட்ட பிறகுதான் அதைத் தடுக்கிறது.

மொட்டை மாடியை மறந்துவிடாதீர்கள். தனி வீட்டில் எந்தச் சுவரைக் காட்டிலும் அதிக வெயிலைக் குடிப்பது கூரைதான். பழைய மெட்ராஸ் டெரஸ் வீடுகளில் தேக்குக் கட்டைகளின் மேல் மெல்லிய செங்கற்களைக் குத்துவாட்டில் அடுக்கி, அதன் மேல் செங்கல் ஜல்லியும் சுண்ணாம்பும் கலந்து இடித்து, தட்டோடு பதித்தார்கள். இன்று கான்கிரீட் தளம் போட்டாலும், அதன் மேலே சுண்ணாம்பு–செங்கல் ஜல்லி அடுக்கும் வெள்ளைத் தட்டோடும் பதிப்பதற்கு எந்தத் தடையும் இல்லை.

கேள்வி: காரைக்குடிப் பக்கத்தில் எங்கள் பூர்வீக வீட்டின் முற்றம் வழியாகக் குரங்குகள் இறங்குகின்றன, மழைக்காலத்தில் வளவு முழுவதும் ஈரம். ஒளி ஊடுருவும் பாலிகார்பனேட் தகடு போட்டு மூடிவிடலாம் என்கிறார்கள் பங்காளிகள். சரியா?
இல்லத்தரசி, சென்னை

பதில்: பங்காளிகள் சேர்ந்து ஒரு முடிவுக்கு வந்திருப்பதே பெரிய செய்தி; இருந்தாலும் அந்த முடிவை மாற்றச் சொல்லுங்கள்.

முற்றம் வெளிச்சத்துக்கான துளை மட்டுமாக இருந்தால், தகடு போட்டு மூடுவதில் குறையில்லை. ஆனால் அது வீட்டின் மூச்சுக்குழல். இரவில் மேகமில்லாத வானத்தை நோக்கி முற்றத்தின் கல்தளமும் சுற்றியுள்ள ஓடுகளும் தம் வெப்பத்தை இழக்கின்றன. அவற்றைத் தொட்டுக் குளிர்ந்த காற்று, கனமாக இருப்பதால் கீழே இறங்கி முற்றத்தில் தேங்கி, சுற்றுக்கட்டுக்கும் அறைகளுக்கும் பரவுகிறது. கனத்த சுண்ணாம்புச் சுவர்கள் அந்தக் குளிர்ச்சியை முற்பகல் வரை வைத்திருக்கின்றன. பகலில் சூடேறிய காற்று மேலெழுந்து அதே திறப்பு வழியாக வெளியேற, முகப்பிலிருந்தும் பின்கட்டிலிருந்தும் நிழலில் கிடந்த காற்று உள்ளே இழுக்கப்படுகிறது. செட்டிநாட்டு வீடுகள் ஒரு தெருவில் முகப்பும் மறு தெருவில் பின்வாசலுமாக நீண்டு, வாசல்கள் எல்லாம் ஒரே நேர்கோட்டில் அமைந்திருப்பதற்குப் பெருமையும் வசதியும் ஒரு காரணம் என்றால், இந்தக் காற்றோட்டம் இன்னொரு காரணம். முகப்பில் நின்று பார்த்தால் பின்கட்டு வரை கண் போகிறது; கண் போகிற வழியில் காற்றும் போகிறது.

இதை ஒளி ஊடுருவும் தகட்டால் அடைத்தால் வெளிச்சத்தோடு வெப்பமும் உள்ளே வரும். மேலெழுந்த சூடான காற்றுக்குப் போக்கிடம் இருக்காது. இரவு வானத்துக்கும் தளத்துக்கும் இடையிலான கொடுக்கல் வாங்கல் நின்றுவிடும். அப்படி மூடிய ஒரு வீட்டில் சித்திரை மாதத்து மதியம் ஒன்றைக் கழித்திருக்கிறேன். ஆத்தங்குடிக் கல் பதித்த தரையில் வெறுங்காலோடு நிற்கும் சுகத்துக்காகவே அந்த வீட்டுக்குப் போகிறவன் நான். அன்று செருப்பைத் தேடினேன்.

குரங்குக்கு வழி, நெருக்கமான இரும்புக் கம்பிவலை. அது காற்றையோ மழையையோ தடுக்காது. மழைதான் உண்மையான தொல்லை என்றால், சுற்றுக் கூரையிலிருந்து 3 அடியாவது உயர்த்தி, நான்கு பக்கமும் திறந்த ஒரு மேற்கூரையை அமைத்து, பக்கங்களில் வலை அடிக்கலாம். அதற்கும் தகட்டைவிட மங்களூர் ஓடு நல்லது. வெளிச்சத்துக்கு இடையிடையே சில கண்ணாடி ஓடுகள் போதும். எதையும் செய்வதற்கு முன் முற்றத்துத் தூம்பு அடைத்திருக்கிறதா என்று பாருங்கள். வானம் பார்த்த அந்தச் சீமையில் முற்றத்து மழைநீர் வீணாக விடப்படவில்லை. அண்டாக்களில் பிடித்ததுபோக எஞ்சியது தூம்பு வழியே தெருக் கால்வாய்க்கும் ஊருணிக்கும் போனது. பல வீடுகளில் இன்று தெருவை உயர்த்திச் சாலை போட்டதால் அந்த நீர் திரும்பி வருகிறது. உங்கள் வளவு ஈரத்துக்கு வானத்தைவிடத் தெரு காரணமாக இருக்கலாம்.

கேள்வி: தட்பவெப்பத்தை மதித்துக் கட்டப்பட்ட நவீனக் கட்டடம் என்று நம் பக்கத்தில் எதையாவது காட்ட முடியுமா? எங்கள் கல்லூரியில் சொல்லப்படுபவை எல்லாம் வெளிநாட்டு உதாரணங்களாகவே இருக்கின்றன.
கட்டடக்கலை மாணவர், விழுப்புரம்

பதில்: நீங்கள் பேருந்தில் ஏறினால் ஒரு மணி நேரத்துக்குள் போய்விடலாம். புதுச்சேரியில் ஸ்ரீ அரவிந்தர் ஆசிரமத்தைச் சேர்ந்த ‘கோல்கொண்ட்’ என்ற தங்கும் விடுதி, 1937இல் தொடங்கப்பட்டு, உலகப் போர்க்காலத் தட்டுப்பாடுகளுக்கு இடையே 1940களில் நிறைவடைந்தது. வடிவமைத்தவர் அன்டோனின் ரேமண்ட். பொஹீமியாவில் பிறந்து, அமெரிக்காவில் ஃப்ராங்க் லாய்டு ரைட்டிடம் பணிபுரிந்து, ஜப்பானில் நீண்ட காலம் தொழில் நடத்தியவர். பணியிடத்தில் இருந்து மேற்பார்த்தவர்களில் ஒருவர் ஜார்ஜ் நாகஷிமா. பிற்காலத்தில் மரச்சாமான் கலைஞராக உலகப் புகழ் பெற்றவர். இரும்புக் கம்பி இட்ட கான்கிரீட்டில் இந்தியாவில் எழுந்த தொடக்ககால நவீனக் கட்டடங்களில் இது முதன்மையானது. ஹைதராபாத் அரசின் திவானாக இருந்த சர் அக்பர் ஹைதரியின் முயற்சியால் நிதி கிடைத்ததால், கோல்கொண்டா வைரச் சுரங்கத்தை நினைவூட்டும் இந்தப் பெயர் வைக்கப்பட்டது.

அதன் அகலத்தை முதலில் கவனியுங்கள். ஓர் அறை, அதை ஒட்டி ஒரு நடைபாதை. கட்டடத்தின் குறுக்களவு அவ்வளவுதான். நீண்ட பக்கங்கள் இரண்டும் வடக்கையும் தெற்கையும் நோக்கியவை. கிழக்கு, மேற்கு முனைகள் குறுகியவை, பெரும்பாலும் மூடியவை. தாம்பரம் வாசகருக்கு மேலே நான் சொன்ன கணக்கை ரேமண்ட் ஏறத்தாழ 90 ஆண்டுகளுக்கு முன்பே போட்டு முடித்துவிட்டார். நீண்ட பக்கங்களில் சன்னல் என்று தனியாக எதுவும் இல்லை. தளம் முதல் கூரை வரை கிடைமட்டமான, திருப்பக்கூடிய பலகைகள் வரிசையாக இருக்கின்றன. மழைக்கு மூடலாம், காற்றுக்குத் திறக்கலாம், வெயிலுக்குச் சாய்க்கலாம். அறைக்கும் நடைபாதைக்கும் நடுவே உள்ள நகரும் தேக்குக் கதவுகளில் சட்டங்கள் இடைவெளி விட்டு அமைக்கப்பட்டிருப்பதால், கதவு சாத்தியிருக்கும்போதும் காற்று குறுக்கே போகும், பார்வை போகாது. விடுதியில் தங்குபவருக்குத் தனிமையும் வேண்டும், காற்றும் வேண்டும் என்ற இரட்டைத் தேவைக்கு இதைவிட எளிய விடையை நான் பார்த்ததில்லை.

கூரையும் அப்படித்தான். கான்கிரீட் தளத்தின் மேலே, வளைந்த கான்கிரீட் வார்ப்புகளை இடைவெளி விட்டு இன்னொரு அடுக்காகப் பரப்பியிருக்கிறார்கள். வெயில் அவற்றைச் சுடும், நடுவில் உள்ள காற்று அந்தச் சூட்டைக் கீழே இறங்கவிடாது. இருபுறமும் தோட்டம்; காற்று அதைக் கடந்துதான் அறைக்கு வருகிறது. உள்ளே கடப்பைக் கல் தரை.

இதைப் பார்த்து வியந்துவிட்டு அப்படியே நகலெடுக்க முயல வேண்டாம். அந்தப் பலகைகள் ஆஸ்பெஸ்டாஸ் கலந்த சிமென்டால் ஆனவை. அதன் தீங்கு தெரிந்த இந்தக் காலத்தில் மரமோ அலுமினியமோதான் பயன்படுத்த வேண்டும். திருப்பும் பலகை ஆண்டுதோறும் பராமரிப்பைக் கேட்கும். ஆசிரமத்தில் ஒழுங்கோடு பேணுவோர் இருப்பதால் அந்தக் கட்டடம் இன்றும் அன்றுபோல் இருக்கிறது. பேணுவோர் இல்லாத அரசு விடுதியில் இதே அமைப்பு எத்தனை மழைக்காலம் தாங்கும் என்பதையும் மாணவராகிய நீங்கள் யோசிக்க வேண்டும்.

கேள்வி: இயற்கையும் கட்டடமும் ஒன்றாகிவிட்டதற்கு அமெரிக்காவின் ‘ஃபாலிங் வாட்டர்’ வீடுதான் உச்சம் என்று சொல்லலாமா?
பொறியியல் மாணவி, கோயம்புத்தூர்

பதில்: அழகின் உச்சம் என்று சொல்லலாம். பென்சில்வேனியாவில் பேர் ரன் என்ற ஓடையின் மேல், 1930களின் நடுவில் ஃப்ராங்க் லாய்டு ரைட் கட்டிய வீடு அது. அருவியைப் பார்த்துக்கொண்டிருக்கும் வீட்டை எதிர்பார்த்த உரிமையாளருக்கு, அருவியின் தலைமேலேயே வீட்டை வைத்துக் கொடுத்தார். அங்கிருந்த பாறையைப் பெயர்க்காமல் கணப்படுப்பின் தளமாக விட்டுவிட்டதும், கூடத்திலிருந்து ஓடைக்கு இறங்கும் படியும் எத்தனை முறை படத்தில் பார்த்தாலும் சலிக்காதவை. ஆனால் ஓடையின் ஈரமும் கசிவும் அந்த வீட்டைத் தொடக்கம் முதல் படுத்தியெடுத்தன. வெளியே நீண்டு நின்ற கான்கிரீட் மாடங்கள் காலப்போக்கில் ஏறத்தாழ 7 அங்குலம் தொய்ந்து, 2002இல் உள்ளே எஃகு வடங்களைச் செலுத்தி இறுக்கிக் காப்பாற்ற வேண்டியதாயிற்று. இயற்கையின் அருகே போய் உட்காருவதும் இயற்கையின் போக்கை அறிந்து கட்டுவதும் வெவ்வேறு திறமைகள். ரைட்டுக்கு முதலாவது அபாரமாக வாய்த்திருந்தது.

கேள்வி: தம்புள்ளைக்கு அருகே கந்தலாம ஹோட்டலைப் பார்த்தேன். கொடிகள் கட்டடத்தை விழுங்கிவிட்டன. இது இயற்கைக்குக் காட்டும் மரியாதையா, அல்லது காட்டுக்குள் ஹோட்டல் கட்டியதை மறைக்கும் போர்வையா?
வாசகர், மட்டக்களப்பு

பதில்: இரண்டும்தான் என்று சொன்னால் நழுவுவதாக நினைப்பீர்கள், ஆகவே பிரித்துச் சொல்கிறேன்.

இலங்கைக் கட்டடக் கலைஞர் ஜெஃப்ரி பாவா அதைக் கட்டியது 1990களின் தொடக்கத்தில். முதலில் பேசப்பட்ட இடம் சிகிரியாக் குன்றின் அருகே இருந்தது. அதை வேண்டாமென்று விலக்கி, கந்தலாமக் குளத்துக்கு இப்பால், சிகிரியா தொலைவில் சிறு உருவாகத் தெரியும் பாறைச் சரிவைத் தேர்ந்தெடுத்தவர் பாவாதான். உலகம் போற்றும் குன்றின் காலடியில் ஹோட்டல் எழாமல் போனது அந்த ஒரு முடிவால். கட்டடத்தின் பெருமையில் பாதியை நான் இதற்கே கொடுப்பேன். எங்கே கட்டக் கூடாது என்று சொல்லத் தெரிந்த கட்டடக் கலைஞர்கள் குறைவு, சொன்னதைக் கேட்கும் முதலாளிகள் அதனினும் குறைவு.

ஆயினும் புதிய இடத்திலும் எதிர்ப்பு எழுந்தது. குளம் மாசுபடும், சுற்றுப்புற ஊர்களின் வாழ்வு குலையும் என்று சூழலியலாளரும் சமயத் துறவிகளும் போராடினார்கள். அந்தக் கவலை தவறானதன்று. குளத்துநீரை நம்பிய நாட்டில் அது எழாமல் இருந்திருந்தால்தான் வியப்பு. பாவாவின் விடை, ஏறத்தாழ ஒரு கிலோமீட்டர் நீளத்துக்குப் பாறையின் வளைவோடு வளைந்து, தூண்கள் மேல் நின்று, மழைநீர் தன் வழியே கீழே ஓட இடம்விட்ட ஒரு கட்டடம். தட்டைக் கூரையில் மண் பரப்பிச் செடி. முகப்பில் கொடி படர மரச் சட்டங்கள். கொடி பின்னால் போர்த்திய போர்வை இல்லை, வரைபடத்திலேயே இருந்தது. நிறத்தையும் அலங்காரத்தையும் அவர் வேண்டுமென்றே குறைத்துக்கொண்டது, சில ஆண்டுகளில் கட்டடம் கண்ணுக்கு மறைந்துபோகட்டும் என்பதற்காகத்தான்.

அவருடைய புகழ்பெற்ற பல கட்டடங்களுக்குப் பங்காளியாக இருந்து கட்டுமானக் கணக்கைத் தாங்கியவர் கே. பூலோகசுந்தரம் என்ற தமிழ்ப் பொறியாளர் என்பதை நம்மவர்கள் அதிகம் அறிந்திருக்கவில்லை. தமிழ்நாட்டு வாசகர்களுக்கு ஒரு தகவல்: மதுரை கோச்சடையில், நூற்பாலை அதிகாரிகளுக்கென 1970களில் பாவா வடிவமைத்த மன்றம் இன்று ஹோட்டலாக இருக்கிறது, அங்கே நீச்சல்குளம் கோயில் தெப்பக்குளத்தின் சாயலில் படியிறங்கும்.

கேள்வி: எங்கள் வீட்டுச் சுவரிலிருந்து எட்டடி தூரத்தில் முப்பது வயது வேப்பமரம் நிற்கிறது. வேர் அஸ்திவாரத்தை உடைக்கும், புயலில் சாயும் என்று சொல்லி வெட்டச் சொல்கிறார் பக்கத்து வீட்டுக்காரர்.
ஓய்வுபெற்ற ஆசிரியர், கடலூர்

பதில்: வெட்டாதீர்கள். வேர் நல்ல அஸ்திவாரத்தை முட்டி உடைப்பதில்லை. ஈரம் இருக்கும் இடத்தைத் தேடிப் போகிறது. கசியும் கழிவுநீர்க் குழாயோ விரிசல் விட்ட செப்டிக் டேங்கோ இருந்தால் அங்கே நுழைந்து அடைக்கும். அப்போது குற்றவாளி குழாய்தான். களிமண், கரிசல் நிலங்களில் மட்டும் ஓர் உண்மையான சிக்கல் உண்டு: மரம் ஈரத்தை உறிஞ்ச மண் சுருங்கி, ஆழமில்லாத அஸ்திவாரம் ஒரு பக்கமாக இறங்கலாம். உங்கள் ஊரில் மணற்பாங்கான பகுதியில் வீடு இருந்தால் அந்தக் கவலையும் இல்லை. சுவரில் மூலைவாட்டாகப் புதிய விரிசல் ஏதும் இல்லையென்றால் நிம்மதியாக இருங்கள்.

புயலைப் பற்றிய பயம் நியாயமானது. 2016 டிசம்பரில் வர்தா சென்னையைக் கடந்தபோது விழுந்த மரங்களில், நடைபாதைக்காகவும் கால்வாய்க்காகவும் வேர் அறுக்கப்பட்டு, கழுத்துவரை சிமென்ட் பூசப்பட்டவை ஏராளம். உங்கள் வேம்பைச் சுற்றிச் சிமென்ட் போட்டிருந்தால் மூன்றடிக்காவது உடைத்து மண்ணைத் திறந்துவிடுங்கள். ஐப்பசி பிறப்பதற்குள் கிளைகளை எல்லாப் பக்கமும் சீராகக் கழித்துவிடுங்கள். மின்கம்பிக்காக ஒரு பக்கம் மட்டும் மொட்டையடித்த மரம்தான் நிறை தப்பிச் சாய்கிறது.

இரக்கம் காட்டக் கூடாத செடி ஒன்று உண்டு. கைப்பிடிச் சுவரிலும் தண்ணீர்த் தொட்டியின் ஓரத்திலும் பறவை எச்சத்தால் முளைக்கும் அரசும் ஆலும் இரண்டு இலை விடும்போதே பிடுங்கப்பட வேண்டும். கம்போடியாவில் தா புரோம் கோயிலின் மேல் படர்ந்த வேர்கள் சுவர்களைப் பிளந்துவிட்டு, இப்போது அதே சுவர்களைத் தாங்கிக்கொண்டும் நிற்பதால், அவற்றை அகற்றவும் முடியாமல் விடவும் முடியாமல் திண்டாடுகிறார்கள். அப்பர் பெருமான் பாட்டோடு உழவாரப் படையையும் ஏந்தி ஊர் ஊராகப் போனதற்குப் பக்தியோடு இந்தக் கட்டடக் காரணமும் இருந்திருக்கும் என்று நினைக்கிறேன்.

கேள்வி: லாரி பேக்கர் முறையில், பூசாத செங்கல் சுவரும் துளைகள் விட்ட சுவரும் வைத்துக் கட்ட ஆசை. கொசு வரும், மழைச்சாரல் அடிக்கும் என்கிறார் மேஸ்திரி. யார் சொல்வது சரி?
வாசகி, நாகர்கோவில்

பதில்: மேஸ்திரி சொல்வதிலும் பாதி சரி. 1917இல் பர்மிங்காமில் பிறந்த கட்டடக் கலைஞர் பேக்கர், இமயமலைச் சரிவில் பித்தோராகரில் இருந்தபோது அங்கே கிடைத்த கல்லில் கட்டினார். திருவனந்தபுரத்துக்கு வந்த பிறகு செங்கல்லில் கட்டினார். அவருடைய முறை என்று ஒன்று இருந்தால் அது இடத்துக்கேற்ற இந்த மாற்றம்தான். துளைச் சுவரை மட்டும் எடுத்துக்கொண்டு அகலமான இறவாரத்தை விட்டுவிட்டால், இரண்டு பருவமழையும் பெய்யும் உங்கள் ஊரில் சாரல் உள்ளே வரத்தான் செய்யும். இறவாரம் இரண்டரை, மூன்றடி நீளட்டும். துளைச் சுவரை வராந்தா, படிக்கட்டு, சமையலறை பின்புறம் ஆகிய இடங்களில் வைத்து, படுக்கையறையில் தவிர்த்துவிடுங்கள். வேண்டுமென்றால் உட்புறம் கொசுவலைச் சட்டம் பொருத்தலாம். பிரதான சாலையை ஒட்டிய மனையானால் தூசுக்காகவே வேண்டாம் என்பேன்.

செங்கற்களைக் குத்துவாட்டில் வைத்து நடுவே வெற்றிடம் விட்டுக் கட்டும் எலிப்பொறிக் கட்டுக்கு ஏறத்தாழக் கால்பங்கு செங்கல் குறையும். உள்ளே அடைபட்ட காற்று வெப்பத்தையும் தாமதப்படுத்தும். ஆனால் பூசாத சுவருக்குச் செங்கல் நன்றாக இருக்க வேண்டும். இரண்டை மோதினால் மணிபோல ஒலிக்க வேண்டும். ஒரு நாள் முழுவதும் நீரில் ஊறிய கல், தன் எடையில் ஐந்தில் ஒரு பங்குக்கு மேல் நீர் குடித்திருக்கக் கூடாது. அத்தகைய கல் உங்கள் சுற்றுவட்டாரத்தில் கிடைக்கவில்லை என்றால், ஆசையை விட்டுவிட்டுச் சுண்ணாம்புப் பூச்சுக்குப் போங்கள். தொலைவிலிருந்து லாரியில் செங்கல் வரவழைத்து பேக்கர் வீடு கட்டுவதை அவரே ஏற்றிருக்க மாட்டார்.

கேள்வி: வீட்டைச் சுற்றி மண்ணே தெரியாமல் தளம் போட்டுவிட்டோம். மழைநீர் சேகரிப்புக் குழி இருக்கிறது. போதாதா?
வாசகர், திருச்சி

பதில்: ஒரு சதுர மீட்டரில் ஒரு மில்லிமீட்டர் மழை என்றால் ஒரு லிட்டர் நீர். ஆயிரம் சதுர அடிக் கூரை 93 சதுர மீட்டர். ஒரே இரவில் 50 மில்லிமீட்டர் கொட்டினால் நாலாயிரத்து ஐந்நூறு லிட்டருக்கு மேல் வரும். தளம் போட்ட சுற்றுவெளியின் நீரும் அதோடு சேரும். 2003இல் தமிழக அரசு எல்லாக் கட்டடங்களுக்கும் மழைநீர் சேகரிப்பைக் கட்டாயமாக்கியபோது தோண்டிய குழிகள் பலவற்றில் இன்று மண் மேடிட்டு, ஒரு வாளி நீர்கூட இறங்குவதில்லை. உங்கள் குழியில் நாலு குடம் நீரை ஊற்றி எவ்வளவு நேரத்தில் வடிகிறது என்று பாருங்கள். வடியவில்லை என்றால் ஜல்லியையும் மணலையும் எடுத்துக் கழுவிப் போடுங்கள். ஒரு பக்கத் தளத்தையாவது பெயர்த்து மண்ணாக விட்டால், வீட்டைச் சுற்றி மாலையில் ஏறும் சூடும் குறையும்.

கேள்வி: பழைய ஓட்டு வீட்டில் சிட்டுக்குருவிகள் இருந்தன. அதை இடித்துக் கான்கிரீட் வீடு கட்டியபின் ஒன்றுகூட வரவில்லை. கைப்பேசிக் கோபுரம்தான் காரணமா?
வாசகி, ஈரோடு

பதில்: கைப்பேசிக் கோபுரத்தின் மேல் பழி போடுவது எளிது; அதற்குத் தெளிவான சான்று இதுவரை இல்லை. உங்கள் கடிதத்திலேயே வேறு காரணம் இருக்கிறது. சிட்டுக்குருவி மரக்கிளையில் கூடு கட்டுவதைவிடப் பொந்தில் கட்டவே விரும்பும். ஓட்டுக்கும் கைமரத்துக்கும் நடுவே இருந்த இடுக்கு, உத்தரம் சுவருக்குள் நுழையும் இடத்துச் சந்து, கூடத்தில் சாய்ந்து தொங்கிய படங்களின் பின்புறம் எல்லாம் அதற்கு வீடாக இருந்தன. கான்கிரீட் வீட்டில் இடுக்கே இல்லை. அதோடு, முற்றத்தில் தானியம் புடைத்த காலம் போனதால் சிந்தும் நொய்யும் போயிற்று. குஞ்சுக்கு ஊட்டப் புழு வேண்டும், அதற்குக் கொஞ்சம் களையும் புதரும் வேண்டும்.

பிரிட்டனில் பிரைட்டன் நகராட்சி, ஓரளவு உயரமுள்ள புதிய கட்டடங்களின் சுவரில் உழவாரன் பறவைக்கென உட்குழிந்த செங்கற்களைப் பதிக்க வேண்டும் என்று 2020 முதல் நிபந்தனை விதித்து வருகிறது. நாம் அவ்வளவு தூரம் போக வேண்டியதில்லை. வீடு கட்டும்போது இறவாரத்தின் அடியில் இரண்டு செங்கல் அளவுக்குக் குழி விட்டு, முன்னால் பலகை அடித்து, 32 மில்லிமீட்டர் துளையிட்டால் போதும். உங்களுக்கு வீடு முடிந்துவிட்டதால், அதே அளவு துளையுள்ள மரப்பெட்டியைப் பத்தடி உயரத்தில், பூனை ஏற முடியாத சுவரில் மாட்டுங்கள். மேற்குச் சுவரில் மாட்டிவிடாதீர்கள். மாலை வெயிலில் குஞ்சு வெந்துவிடும். பெட்டியின் துளைக்குக் கீழே குச்சி வைக்க வேண்டாம், அது காக்கைக்குத்தான் உட்கார வசதி. முதல் ஆண்டு எதுவும் வராமல் போகலாம்; பெட்டியை இடம் மாற்றாமல் அப்படியே விட்டுவையுங்கள்.